அந்த 37 நாள் பொட்டலம் எங்க சார் இருந்துச்சு?

நான் ஒரு சீனியர் வக்கீல்கிட்ட ஜூனியரா சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகல, ஒரு கஞ்சா கேஸ்ல ஏட்டையா கூண்டுல நிக்கிறாரு. நல்ல மனுஷன், முதல் விசாரணைல எல்லாத்தையும் கரெக்டா சொல்லிட்டாரு, எத்தனை மணிக்கு தகவல் வந்துச்சு, எங்க நின்னாங்க, பையில எவ்வளவு இருந்துச்சுனு மூச்சு விடாம ஒப்பிச்சாரு. எங்க சீனியர் எழுந்து ஒரே விஷயத்தைதான் புடிச்சாரு. கைப்பற்றினது என்னிக்கு? சொன்னாரு. கோர்ட்ல ஒப்படைச்சது என்னிக்கு? பேப்பரை பாத்து சொன்னாரு. நடுவுல 37 நாள். அதுவரைக்கும் எங்க இருந்துச்சு? ஸ்டேஷன்ல பத்திரமா இருந்துச்சு சார். ஸ்டேஷன்ல எங்க? ரைட்டர் (ஸ்டேஷன்ல எழுத்து வேலை பாக்குற போலீஸ்காரர்) ரூம் பீரோல. சாவி யார்கிட்ட? ரைட்டர்கிட்ட. ரைட்டரை சாட்சியா போட்டிருக்கீங்களா? இல்லைங்க சார். பீரோல வெச்சதுக்கு, எடுத்ததுக்கு ஏதாவது ரெஜிஸ்டர்ல எழுதியிருக்கீங்களா? ஏட்டையா அரசு வக்கீல் முகத்தை பாக்குறாரு, அவரு ஃபைலை பாக்குறாரு.

ஜட்ஜ் சொல்லச் சொல்ல டைப்பிஸ்ட் அடிச்சாங்க, "வழக்குச் சொத்து 37 நாட்கள் காவல் நிலையத்தில் இருந்தது என்றால் சரிதான். அது யார் பொறுப்பில் இருந்தது என்பதற்கு ஆவணம் எதுவும் தாக்கல் செய்யப்படவில்லை என்றால் சரிதான்." இந்த ரெண்டு "சரிதான்"லயே கேஸ் முடிஞ்சு போச்சு. மத்த சாட்சி, மகஜர்ல (ஸ்பாட்ல எழுதுற கைப்பற்றல் பத்திரம்) கையெழுத்து போட்ட விஏஓ, லேப் ரிப்போர்ட் எல்லாம் அதுக்கப்புறம் வந்துச்சு, வந்து என்ன பண்ண. சந்தேகத்தின் பலன்ல விடுதலை.

அன்னிக்கு வீட்டுக்கு போகும்போது எனக்கு பெருமையாதான் இருந்துச்சு, ஜெயிச்ச பக்கம்ல. ஆனா ஒரு உறுத்தல். அந்த ஏட்டையா பொய் சொன்ன மாதிரி எனக்கு தோணல. பொட்டலம் நிஜமாவே பீரோலதான் இருந்திருக்கும், யாரும் தொட்டிருக்கக்கூட மாட்டாங்க. ஆனா அதை சொல்ல ஒரு வரி எழுத்து இல்ல.

இத்தனை வருஷம் கிரிமினல் சைடு பாத்ததுல எனக்கு புரிஞ்சது இதுதான், லேட் ஆகுறதால மட்டும் கேஸ் சாகாது. லேட் ஆன நாள்ல பொருள் யார் கைல இருந்துச்சுன்னு சொல்ல ஆள் இல்லாம போறப்பதான் சாகுது. வெளிய இருக்கிறவங்க "டெக்னிக்கல் பாயிண்ட்ல தப்பிச்சிட்டான்"னு திட்டுவாங்க. இதுல டெக்னிக்கல் என்ன இருக்கு, லேப்ல டெஸ்ட் பண்ண பொருளும் அவன் பையில எடுத்த பொருளும் ஒண்ணுதானாங்கறது கேஸோட அடிமடி கேள்வி. அதுக்கு பதில் இல்லன்னா எதை வெச்சு ஒருத்தனை 10 வருஷம் உள்ள போடுறது?

பொருள் எப்படி போகுதுன்னு தெரியாதவங்களுக்கு கொஞ்சம் சொல்றேன். ஸ்பாட்ல கைப்பற்றி மகஜர் எழுதி, பொட்டலம் கட்டி அரக்கு முத்திரை வெச்சு, சாட்சிங்க கையெழுத்து போட்ட சீட்டை ஒட்டணும். ஸ்டேஷனுக்கு வந்ததும் இன்ஸ்பெக்டர்கிட்ட ஒப்படைக்கணும். நம்ம தமிழ்நாட்டுல ஃபாரம் 95ல எழுதி கோர்ட்டுக்கு அனுப்பணும், கோர்ட்ல அதுக்கு ஒரு சொத்து நம்பர் போடுவாங்க. அப்புறம் ஐஓ, அதாவது விசாரணை அதிகாரி, கோரிக்கை குடுக்க, மாஜிஸ்ட்ரேட் லேபுக்கு லெட்டர் போட, ஒரு கான்ஸ்டபிள் அந்த பார்சலை கைல வாங்கிட்டு பஸ்லயோ ரயில்லயோ லேபுக்கு கொண்டு போவாரு. லேப்ல பார்சல் முத்திரையும் ஒப்பிட்டுப் பாக்க தனியா அனுப்புற மாதிரி முத்திரையும் ஒத்துப் போகுதானு பாத்துதான் வாங்குவாங்க. ரிப்போர்ட் வரும், மிச்சம் திரும்பி வரும். குறைஞ்சது ஆறேழு கை மாறுது. ஒவ்வொரு கைமாத்துக்கும் ஒரு தேதி, ஒரு கையெழுத்து, தேவைப்பட்டா கூண்டுல ஏறி சொல்ல ஒரு ஆள் வேணும்.

எங்க லேட் ஆகுதுன்னு கேட்டீங்கன்னா சினிமால வர்ற சதியெல்லாம் கம்மி. அந்த ஸ்டேஷன்ல இந்த வேலை தெரிஞ்ச ரைட்டர் ஒருத்தர்தான், அவரை திருவிழா பந்தோபஸ்துக்கு போட்டிருப்பாங்க. கோர்ட்டுக்கு கொண்டு போனா ப்ராப்பர்ட்டி பாக்குற கிளார்க் லீவு, திங்கக்கிழமை வாங்கன்னு அனுப்பிடுவாங்க. திங்கக்கிழமை போனா ஃபாரம்ல எண்ணிக்கை தப்புன்னு ரிட்டர்ன். லேபுக்கு போனா மாதிரி முத்திரை இல்லன்னு ரிட்டர்ன். இப்படி ரிட்டர்ன் ஆன பார்சல் அன்னிக்கு ராத்திரி எங்க தங்குச்சுன்னு யாரும் எழுதி வெக்க மாட்டாங்க, அந்த ஒரு ராத்திரிதான் மூணு வருஷம் கழிச்சு எங்க கைல கெடைக்கும்.

கோர்ட் இதை எப்படி பாத்திருக்குன்னா, சுப்ரீம் கோர்ட்ல ரெண்டு தீர்ப்பை பக்கத்துல பக்கத்துல வெச்சு படிக்கணும். 1993ல ஒரு கேரளா கேஸ், பொருள் கோர்ட்டுக்கு வந்து சேரவே மூணு மாசத்துக்கு மேல ஆச்சு, நடுவுல முத்திரையோட இருந்துச்சானு சொல்ல ஆளே இல்ல, விடுதலை. 2008ல ஒரு பஞ்சாப் கேஸ், மாதிரியை லேபுக்கு அனுப்ப 40 நாள் லேட், ஆனா முத்திரை கலையல, கைல வெச்சிருந்தவங்க வந்து சாட்சி சொன்னாங்க, லேபும் முத்திரை சரியா இருந்துச்சுனு எழுதியிருக்கு, தண்டனை உறுதியாச்சு. 40 நாள் லேட்டாகியும் நிக்குது பாருங்க. எங்க ஜூனியர் பசங்க "டிலே இருக்கு சார், கேஸ் அவுட்"னு குதிச்சா நான் இந்த ரெண்டையும்தான் படிக்க குடுப்பேன்.

போதைப்பொருள் கேஸ்ல மட்டும் இது இன்னும் சிக்கலாச்சு, காரணம் என்டிபிஎஸ்ங்கற போதைப்பொருள் தடுப்புச் சட்டத்துல 1989 திருத்தத்துல வந்த 52ஏ பிரிவு. பிடிச்ச சரக்குக்கு பட்டியல் போட்டு, போட்டோ எடுத்து, மாஜிஸ்ட்ரேட் முன்னாடி மாதிரி எடுத்து அவர்கிட்ட சான்று வாங்கணும், அதுக்கப்புறம் மொத்த சரக்கை அழிச்சிடலாம், அந்த சான்றும் மாதிரியுமே முதன்மை ஆதாரம்னு சொல்ற பிரிவு. ஆனா நடைமுறைல ஸ்பாட்லயே ரெண்டு மாதிரி எடுத்து கவர்ல போடுறதுதான் பழக்கமா இருந்துச்சு, 1988 நிலையாணைப்படி (அதிகாரிகளுக்கான நிரந்தர உத்தரவு) அதை 72 மணி நேரத்துக்குள்ள லேபுக்கு அனுப்பணும்னு இருந்துச்சு. 2016 ஜனவரில சுப்ரீம் கோர்ட், தலைமை நீதிபதி தாக்கூர் இருந்த பெஞ்ச், நாடு முழுக்க சரக்கு அழிக்கப்படாம குவிஞ்சு கெடக்குது, திருடு போகுது, மாத்தி வெக்கப்படுதுன்னு கவலைப்பட்டு, பிடிக்கும்போதே மாதிரி எடுக்க சட்டத்துல இடமில்ல, தாமதிக்காம மாஜிஸ்ட்ரேட்கிட்ட போங்கன்னு உத்தரவு போட்டுச்சு. சரக்கை சீக்கிரம் அழிக்க வைக்கணும்னு வந்த உத்தரவு அது. டிஃபன்ஸ் சைடுக்கு, அதாவது குற்றம் சாட்டப்பட்டவங்களுக்காக வாதாடுற எங்களுக்கு, ஆயுதமா மாறுனது பின்னாடி.

எப்படி மாறுச்சுன்னா 2023 அக்டோபர்ல ஒரு சென்னை கேஸ் தீர்ப்பு. 2000ஆம் வருஷம் பிடிச்ச 20 கிலோ ஹெராயின். கவனிங்க, ஹெராயின்ல 250 கிராம் தாண்டினாலே வணிக அளவு, அதாவது தண்டனை அதிகமான பிரிவு, இது 20 கிலோ. கீழ் கோர்ட் 10 வருஷம் குடுத்துச்சு, ஹைகோர்ட் உறுதி பண்ணுச்சு, 23 வருஷம் கழிச்சு சுப்ரீம் கோர்ட் 52ஏ படி மாஜிஸ்ட்ரேட் முன்னாடி மாதிரி எடுத்ததுக்கு ஆதாரமே இல்லன்னு விடுதலை பண்ணிடுச்சு. அந்த தீர்ப்பு வந்த வாரம் எங்க பார் அசோசியேஷன் ரூம்ல அதை பிரிண்ட் எடுக்காத ஆள் இல்ல. பாதி பேர் முழுசா படிக்காமயே மனுவுல ஒட்டினாங்க, நானும் ரெண்டு ஜாமீன் மனுவுல போட்டேன்னு ஒத்துக்கறேன்.

அந்த சந்தோஷம் ரொம்ப நாள் நிக்கல. 2024 டிசம்பர்ல, 52ஏ வேலைய லேட்டா பண்ணாங்கங்கற ஒரே காரணத்துக்கு ஜாமீன் குடுக்க முடியாதுன்னு ஒரு தீர்ப்பு. அடுத்த மாசமே, 2025 ஜனவரில, நீதிபதிகள் பர்திவாலா, மகாதேவன் பெஞ்ச், இது நடைமுறை சார்ந்த பிரிவு, மீறுனதால மட்டும் கேஸ் விழாது, மத்த ஆதாரம் நம்புற மாதிரி இருக்கா, ஓட்டை ஆணிவேர் வரைக்கும் போகுதானு பாருங்கன்னு விளக்கமா சொல்லிடுச்சு. என் தனிப்பட்ட கருத்து, டிஃபன்ஸ் வக்கீல் நான் இதை சொல்லக்கூடாது, ஆனா இது நியாயமான இடம். நாள் கணக்கை மட்டும் வெச்சு எல்லாரையும் விடவும் கூடாது, "நடைமுறைதானே"ன்னு எல்லாத்தையும் மன்னிக்கவும் கூடாது. என்ன ஒண்ணு, இதுல போலீசுக்கு போய்ச் சேர்ற செய்தி "லேட் ஆனாலும் பரவால்ல"ங்கறதுதானோன்னு ஒரு பயம் இருக்கு. போதைப்பொருள் கைப்பற்றல், மாதிரி எடுக்கறது பத்தின 2022 டிசம்பர் விதிகள்ல லேபுக்கு 15 நாள்ல ரிப்போர்ட் குடுக்கணும்னு கெடு இருக்கு. அந்த 15 நாள் எண்றது மாதிரி லேபுக்கு போய் சேர்ந்த நாள்லேர்ந்து. போய் சேர்ற வரைக்கும் ஆகுற நாளுக்கு "கூடிய சீக்கிரம்"ங்கற வார்த்தைதான் காவல்.

இது வரைக்கும் பேப்பர் கதை. பொருளுக்கும் ஒரு உடம்பு இருக்கு, அது காத்திருக்காது.

கஞ்சாவையே எடுத்துக்கோங்க, பச்சையா பிடிச்சது நாள் ஆக ஆக காயும், எடை குறையும். 20 கிலோ தாண்டினா வணிக அளவு, ஜாமீனே குதிரைக் கொம்பு, குறைஞ்சபட்ச தண்டனை 10 வருஷம். மகஜர்ல 21 கிலோன்னு இருக்கும், மாசக்கணக்கு கழிச்சு மாஜிஸ்ட்ரேட் முன்னாடி எடை போட்டா 18 சொச்சம்தான் நிக்கும். காய்ஞ்சு போச்சா, எவனாவது எடுத்தானா, முதல்லயே எடை தப்பா? மூணுக்கும் வாய்ப்பு இருக்கு, மூணுல எதுன்னு நிரூபிக்க வேண்டிய பொறுப்பு அரசு தரப்போடது.

கொலை கேஸ் இன்னும் மோசம். ஒரு தடவை கோர்ட்ல சட்டை ஒண்ணை சான்று பொருளா குறியீடு பண்ண பார்சலை பிரிச்சாங்க. ரத்தம் பட்ட சட்டை, ஈரத்தோட அப்படியே பாலிதீன் கவர்ல போட்டு கட்டி வாரக்கணக்குல வெச்சிருக்காங்க. நிழல்ல உலர்த்தி காகித கவர்ல போட்டிருக்கணும், பிளாஸ்டிக்ல ஈரம் வெளிய போகாது, கிருமி பெருகி ரத்தத்தை தின்னுடும். கவரை பிரிச்ச உடனே வந்த வாடை இன்னும் ஞாபகம் இருக்கு, பெஞ்ச் கிளார்க் முகத்தை திருப்பிக்கிட்டாங்க, துணில பச்சையும் கருப்புமா பூஞ்சை. சீராலஜி (ரத்தப் பரிசோதனை) ரிப்போர்ட்ல மனித ரத்தம்னு இருந்துச்சு, குரூப் என்னன்னு கேட்ட எடத்துல சிதைந்துவிட்டது, முடிவு சொல்ல இயலவில்லைன்னு போட்டிருந்துச்சு. செத்தவர் ரத்தமா, எதிரி (கோர்ட் பாஷைல குற்றம் சாட்டப்பட்டவன்) தன் கையை தானே கிழிச்சுக்கிட்ட ரத்தமா? அந்த சட்டையை அன்னிக்கு சாயங்காலமே மின்விசிறிக்கு கீழ விரிச்சு போட்டிருந்தா பதில் கெடைச்சிருக்கும். செத்தவரோட அம்மா பின் பெஞ்சுல உக்காந்திருந்தாங்க, பார்சலை பிரிச்சப்ப எழுந்து வெளிய போயிட்டாங்க. நான் எதிரி தரப்பு வக்கீல், அவங்க கிட்ட பேச எனக்கு என்ன இருக்கு.

சிசிடிவி கதை எல்லாருக்கும் தெரியும், டிவிஆர்ல ஹார்ட் டிஸ்க் நெறஞ்சா சில வாரத்துல பழசு மேல புதுசு எழுதிடும். ஐஓ கடிதம் எழுதி அனுப்புற நேரத்துக்கு படம் இருக்காது. செல்போனை கைப்பற்றி ஹாஷ் (உள்ள இருக்கிற டேட்டாவோட டிஜிட்டல் கைரேகை மாதிரி) எடுக்காம ரெண்டு மாசம் டிராயர்ல வெச்சா, அதுக்கப்புறம் எடுக்கற ஹாஷ் டிராயர்லேர்ந்து வந்த போனுக்குத்தான் சாட்சி.

2025ல நம்ம ஊர் கேஸ்தான் இந்தியா முழுக்க பேசப்பட்டுச்சு. 2011ல தேனி மாவட்டம் சுருளி அருவி பக்கம் ஒரு இளம் ஜோடி கொல்லப்பட்ட கேஸ். செஷன்ஸ் கோர்ட் தூக்கு, மதுரை பெஞ்ச் அதை உறுதி பண்ணுச்சு, 2025 ஜூலைல சுப்ரீம் கோர்ட் அந்த ஆளை விடுதலை பண்ணிடுச்சு. கேஸோட முதுகெலும்பே டிஎன்ஏ, ஆனா மாதிரிங்க எடுத்ததுக்கும் லேபுக்கு போனதுக்கும் நடுவுல ஆன தாமதத்துக்கு விளக்கம் இல்ல, அதுவரைக்கும் எப்படி வெச்சிருந்தாங்கனு சங்கிலி இல்ல. கோர்ட் அதோட விடாம நாடு முழுக்க விதி போட்டுச்சு: டிஎன்ஏ மாதிரி எடுத்த 48 மணி நேரத்துக்குள்ள லேப் போய் சேரணும், முடியலன்னா ஏன்னு கேஸ் டைரில எழுதணும், எடுத்த நாள்லேர்ந்து தண்டனையோ விடுதலையோ ஆகுற வரைக்கும் ஒரு கஸ்டடி ரெஜிஸ்டர் இருக்கணும், விசாரணை கோர்ட் அனுமதி இல்லாம பார்சலை பிரிக்கக்கூடாது. 14 வருஷம். குத்தவாளி அவன்தான்னா தப்பிச்சுட்டான், அவன் இல்லன்னா பல வருஷம் தூக்கு நிழல்ல இருந்திருக்கான், உண்மையா செஞ்சவன் எங்கயோ டீ குடிச்சிட்டு இருக்கான். அந்த ரெண்டு குடும்பத்துக்கு எந்த பதிலும் இல்ல. மூணுல எதுவா இருந்தாலும் சகிக்க முடியல.

எலி கதைய சொல்லாம விட்டா கமெண்ட்ல வந்து கேப்பீங்க. 2023 ஜூலைல சென்னைல கஞ்சா கேஸ் ஒண்ணுல ரெண்டு பேர் விடுதலை, 22 கிலோன்னு கணக்கு காட்டினதுல பெரும்பகுதியை எலி தின்னுடுச்சுன்னு போலீஸ் சொன்னாங்க. 2022ல உத்தரப் பிரதேசத்துல இருக்கிற மதுரால 500 கிலோவுக்கு மேல எலி தின்னுச்சுன்னு கோர்ட்ல ரிப்போர்ட் குடுத்தாங்க. மீம் போட்டு சிரிச்சோம், சரி. ஆனா மாதிரி எடுத்து மிச்சத்தை அப்பவே அழிச்சிருந்தா எலிக்கு சாட்சி சொல்ற வேலையே வந்திருக்காது. வண்டிங்க கதையும் இதேதான், 2002லயே சுப்ரீம் கோர்ட் கைப்பற்றின பொருளை 15 நாள், அதிகபட்சம் ஒரு மாசத்துக்கு மேல ஸ்டேஷன்ல வெக்காதீங்கன்னு சொல்லிடுச்சு, எந்த ஸ்டேஷன் காம்பவுண்டை பாத்தாலும் செடி முளைச்ச பைக்தான். இப்ப புது குற்ற நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ்ஸோட 497ஆம் பிரிவுல, கோர்ட் 14 நாள்ல பொருளோட விவரப் பட்டியல் போடணும், போட்டோ வீடியோ எடுக்கணும், அப்புறம் 30 நாள்ல என்ன பண்றதுன்னு உத்தரவு போடணும்னு இருக்கு. செடி குறையுதா பாப்போம்.

இன்னொரு பக்கத்தையும் சொல்லணும், லேட்டால எதிரிக்கு எப்பவும் லாபம்னு நெனைக்காதீங்க. வணிக அளவு கேஸ்ல 180 நாள் வரைக்கும் குற்றப்பத்திரிகை இல்லாமயே ரிமாண்ட்ல வெக்கலாம், அரசு வக்கீல் அறிக்கை குடுத்தா ஒரு வருஷம் வரைக்கும் நீட்டலாம். லேப் ரிப்போர்ட் வந்து "இது போதைப்பொருளே இல்ல"ன்னு சொன்னா அந்த நாளெல்லாம் யார் திருப்பி குடுப்பா? ஜெயில் மனுப் பார்க்க வர்ற பொண்டாட்டிங்க எங்கிட்ட கேக்குற முதல் கேள்வி "ரிப்போர்ட் வந்துடுச்சா சார்". வாய்தாவுக்கு வாய்தா அதே கேள்வி, அதே பதில்.

கடைசியா போன மாசம் நடந்தது. ஒரு இளம் பெண் எஸ்ஐ சாட்சிக்கு வந்தாங்க. நான் முத்திரை, கஸ்டடி பத்தி மட்டும் 14 கேள்வி எழுதி வெச்சிருந்தேன். அவங்க முதல் விசாரணைலயே ஒரு நீளமான நோட்டை தாக்கல் பண்ணாங்க, பொட்டலம் எந்த நாள் எத்தனை மணிக்கு யார்கிட்ட இருந்து யார்கிட்ட போச்சுன்னு வரி வரியா, ஒவ்வொரு வரிக்கும் ரெண்டு கையெழுத்து. நடுவுல 9 நாள் லேட் இருந்துச்சு, அதுக்கும் எழுதியிருந்தாங்க, லேப் திருப்பி அனுப்பின கடிதத்தோட நகல் ஒட்டியிருந்துச்சு, திரும்பி வந்த ராத்திரி எந்த பீரோ, சாவி யார்கிட்ட, எல்லாம். நான் எழுந்து தேதியை மட்டும் ரெண்டு கேட்டுட்டு உக்காந்துட்டேன். வெளிய வந்ததும் கட்சிக்காரரோட அண்ணன் வராந்தாவுலயே புடிச்சுக்கிட்டாரு, "என்ன சார், இவ்வளவு ஃபீஸ் வாங்கிட்டு அந்தம்மாகிட்ட ஒண்ணுமே கேக்கல?"